கட்டைக்குள் இருந்த வறட்சி: ஹெர்மிட்ஸ் பீக் தீ, ஒரு நிகழ்வு ஆய்வு

2022 ஏப்ரல் 6. அமெரிக்காவின் நியூ மெக்சிகோ மாநிலத்தில், சாண்டா ஃபே தேசிய வனத்தின் லாஸ் டிஸ்பென்சாஸ் என்ற பகுதியில் வனப் பணியாளர்களே தீ வைத்தார்கள். எல்லை குறித்து, அனுமதி வாங்கி, சுற்றிலும் ஆள் நிறுத்தி வைத்த தீ. திட்டத்தில் இருந்தது சுமார் 1,200 ஏக்கர். அன்று மாலைக்குள் அது எல்லை தாண்டிவிட்டது, காட்டுத்தீ என்று அறிவித்தார்கள். ஏப்ரல் 22 அன்று பக்கத்தில் கிளம்பியிருந்த இன்னொரு தீயோடு சேர்ந்துகொண்டது. ஆகஸ்ட் 21 அன்று முழுவதுமாகக் கட்டுக்குள் வந்தபோது 3.41 லட்சம் ஏக்கர் எரிந்திருந்தது. 900-க்கும் மேற்பட்ட கட்டடங்கள் சாம்பலாகியிருந்தன. நியூ மெக்சிகோவில் பதிவாகியிருக்கும் காட்டுத்தீக்களிலேயே பெரியது இதுதான்.

இதைப் பற்றிப் பேசுபவர்கள் பெரும்பாலும் இரண்டு கட்சியாகப் பிரிகிறார்கள். காட்டுக்குத் தீ வைப்பதே பைத்தியக்காரத்தனம் என்கிறது ஒரு கட்சி. எப்போதோ ஒன்று தவறியதற்காக நல்ல முறையைக் குறை சொல்லாதே என்கிறது மற்றது. இரண்டுக்கும் எனக்கு உடன்பாடில்லை. இந்த நிகழ்வை நுணுக்கமாகப் பார்த்தால் ஒன்று தெளிவாகத் தெரிகிறது. ஒரு திட்டமிட்ட எரிப்பு கைமீறுமா என்பதையும், கைமீறாத எரிப்பு மண்ணுக்கும் மரத்துக்கும் நன்மை செய்யுமா என்பதையும் பெருமளவு ஒரே விஷயம்தான் முடிவு செய்கிறது. தரையில் கிடக்கும் கட்டையிலும் மட்கிலும் எவ்வளவு ஈரம் மிச்சமிருக்கிறது என்பதுதான் அது. இந்த எரிப்பில் மோசமாகக் கணிக்கப்பட்டதும் அதுவே.

எதற்காக வைத்த தீ

அந்த மலைகளிலிருந்து இறங்குவது கயினாஸ் ஆறு. கீழே இருப்பது லாஸ் வேகாஸ் என்ற ஊர். சூதாட்டத்துக்குப் பேர்போன நெவாடாவின் லாஸ் வேகாஸ் வேறு. இது சுமார் 13,000 பேர் வாழும் பழைய ஊர், ஸ்பானிய வேர்கள் கொண்டது. ஊரின் குடிநீர் ஏறக்குறைய முழுவதும் அந்த ஆற்றிலிருந்தே வருகிறது. ஆற்றின் நீர்ப்பிடிப்புக் காடு நெருக்கியடித்து வளர்ந்து கிடந்தது. கோடையில் அங்கே ஒரு பெருந்தீ பிடித்தால் சாம்பலும் சேறும் ஆற்றில் இறங்கும், ஊர் தண்ணீர் இல்லாமல் தவிக்கும் என்று வனத்துறைக்குத் தெரிந்தே இருந்தது. அதைத் தடுக்கத்தான் முதலில் மரங்களைக் கழித்தார்கள், பிறகு தரையில் கிடப்பதை எரிக்கத் திட்டமிட்டார்கள். குடிநீரைக் காப்பாற்ற வைத்த தீயே குடிநீரைக் கெடுத்தது.

காடு ஏன் அவ்வளவு நெருக்கமானது என்று கேட்டால் ஒரு நூற்றாண்டுக்கும் மேல் பின்னால் போக வேண்டும்.

அந்த மலைகளின் நடு உயரங்களில் முக்கிய மரம் பாண்டரோசா பைன். அடிக்கடி எரிந்து பழகிய மரம். அடிப்பட்டை தடிமனானது. வளர வளரக் கீழ்க்கிளைகளைத் தானே உதிர்த்துவிடும், அதனால் தரைத்தீ உச்சிக்கு ஏற வழி கிடைக்காது. தரைத்தீ ஒன்று தண்டின் ஒரு பக்கத்தைச் சுட்டுவிட்டுப் போனால் அங்கே வடு விழும். மரம் அந்தக் காயத்தை இரு ஓரங்களிலிருந்தும் மூடிக்கொண்டு வரும். மூடி முடிப்பதற்குள் அடுத்த தீ வந்து அதே இடத்தில் இன்னொரு வடு வைத்துவிட்டுப் போகும். வயதான மரத்தின் அடியிலிருந்து ஒரு துண்டு அறுத்து வழவழப்பாக்கிப் பார்த்தால், வளைவு வளைவாக இந்த வடுக்கள் கருங்கோடுகளாக நிற்கும். எந்த ஆண்டு வளையத்தில் கோடு விழுந்திருக்கிறது என்று எண்ணித் தீ வந்த ஆண்டைச் சொல்லிவிடலாம். கோடு வளையத்தின் தொடக்கத்தில் இருக்கிறதா கடைசியில் இருக்கிறதா என்று பார்த்துப் பருவத்தைக்கூடச் சொல்கிறார்கள். அரிசோனா பல்கலைக்கழகத்தின் மர வளைய ஆய்வகம் பல பத்தாண்டுகளாகத் தென்மேற்குக் காடுகளை இப்படிப் படித்து வருகிறது. பாண்டரோசா காடுகள் பலவற்றில் 5 முதல் 15 ஆண்டுகளுக்கு ஒரு தீ என்பதே அந்தக் கோடுகள் சொல்லும் கணக்கு.

1800-களின் கடைசியில் கோடுகள் சட்டென்று நின்றுவிடுகின்றன. யாரும் தீயை அணைக்கத் தொடங்கியதால் அல்ல, அது பின்னால் வந்தது. 1879-இல் ரயில் லாஸ் வேகாஸுக்கு வந்தது. கம்பளிக்கும் இறைச்சிக்கும் தொலைதூரச் சந்தை திறந்தது. ஆடுகளும் மாடுகளும் பெருகி மலைப்புல்லை மேய்ந்து தீர்த்தன. தரைத்தீயைச் சுமந்து போவது புல்தான். புல் போனதும் தீயும் போனது. அப்புறம் அரசு வந்தது. 1935-இல் அமெரிக்க வனத்துறை ஒரு விதி போட்டது: எந்தத் தீயானாலும் கண்டுபிடித்த மறுநாள் காலை 10 மணிக்குள் கட்டுப்படுத்தப்பட வேண்டும். காட்டுத்தீ தடுப்புப் பிரசாரத்தின் முகமான ஸ்மோக்கி கரடிக்கும் இதே மாநிலத்தோடு தொடர்பு உண்டு. சுவரொட்டிக் கரடி 1944-இலேயே வந்துவிட்டது. அந்தப் பெயரைச் சுமந்து உயிரோடு வாழ்ந்த கரடிக்குட்டி 1950-இல் நியூ மெக்சிகோவின் கேப்பிட்டன் மலைத் தீயிலிருந்து மீட்கப்பட்டது. இரண்டு மூன்று தலைமுறைகள் தீ என்றாலே அழிவு என்று படித்து வளர்ந்தன. இடையில் முன்பு தரைத்தீ தின்று தீர்த்திருக்கும் கன்றுகள் எல்லாம் மரமாகின. அடியில் ஊசியிலை மட்கு ஆண்டுக்கு ஆண்டு ஏறிக்கொண்டே போனது.

ஈரத்தை அளப்பது

தீ வைக்கும் அணியினர் தரையில் கிடக்கும் உலர்ந்த பொருளை, அதன் ஈரம் மாற எத்தனை மணி நேரம் ஆகும் என்பதை வைத்து வகைப்படுத்துவார்கள். புல்லும் ஊசியிலையும் 'ஒரு மணி நேர' வகை. காற்றின் ஈரம் மாறினால் சுமார் ஒரு மணி நேரத்தில் அவையும் பெருமளவு அதற்கேற்ப மாறிவிடும். விரல் பருமன் குச்சிகள் 'பத்து மணி நேர' வகை. அதைவிடத் தடித்து, ஏழரை சென்டிமீட்டர் விட்டம் வரையுள்ள கிளைகள் 'நூறு மணி நேர' வகை. 20 சென்டிமீட்டர் வரையுள்ள கட்டைகள் 'ஆயிரம் மணி நேர' வகை. ஆயிரம் மணி நேரம் என்றால் சுமார் ஆறு வாரம். அதாவது, ஒரு தடித்த கட்டை இன்று எப்படி எரியும் என்பதை இன்றைய வானிலை சொல்லாது. கடந்த இரண்டு மாதம் பனி விழுந்ததா, மழை பெய்ததா என்பதுதான் சொல்லும்.

இந்த ஒரு பத்தியில் முழு நிகழ்வும் அடங்கிவிடும் என்றே நினைக்கிறேன். ஏப்ரல் 6 அன்று அணியினர் கையில் ஒரு திட்டம் இருந்தது. வெப்பநிலை, காற்றின் வேகம், ஈரப்பதம் ஆகியவை எந்த அளவுக்குள் இருக்க வேண்டும் என்று அதில் வரம்புகள் இருந்தன. களத்தில் இருந்தவர்கள் பொதுவாக அந்தத் திட்டத்தைப் பின்பற்றினார்கள் என்றே 2022 ஜூனில் வெளியான வனத்துறையின் ஆய்வறிக்கையும் சொல்கிறது. அதே அறிக்கை அடுத்து சொல்வதுதான் கனமானது. அவர்கள் நினைத்ததைவிட மிக வறண்ட நிலையில் காடு இருந்தது. நீடித்த வறட்சி, குளிர்காலத்தில் குறைந்த மழையும் பனியும், சேர்ந்துபோன மெல்லிய சருகு, மரங்களைக் கழித்த பிறகு கூடிப்போன தரைச் சுமை என்று காரணங்களை வரிசையாக அடுக்குகிறது. திட்டம் அதற்குச் சில ஆண்டுகளுக்கு முன்பே எழுதப்பட்டது, வறட்சி அதற்கப்புறமும் முற்றிக்கொண்டே போனது. எழுதிய காகிதம் அப்படியே இருந்தது, காடு மாறிவிட்டது.

மரம் கழித்ததையும் கொஞ்சம் பேச வேண்டும். காட்டை நெருக்கம் குறைப்பது தீயின் வேகத்தைக் குறைக்கும் என்பது பொதுவாகச் சரி. ஆனால் வெட்டிய கிளைகள் தரையிலேயே கிடக்கும் இடைக்காலம் ஆபத்தானது. மேலே இலைக்கூரை திறந்துவிடுகிறது, வெயில் தரைக்கு வருகிறது, காற்றும் தாராளமாக நுழைகிறது. மரத்தில் பச்சையாக இருந்த கிளை இப்போது தரையில் சுக்காகக் காய்கிறது. வேலையில் பாதி மட்டும் முடிந்த காடு, தொடாத காட்டைவிட மோசமாகவும் எரியலாம். எரிப்பு தள்ளிப்போகத் தள்ளிப்போக அந்த இடைக்காலம் நீள்கிறது. முடிக்க வேண்டிய பரப்பின் இலக்கும் அவசரமும் பணியாளர்கள் மேல் அழுத்தமாக இருந்ததை அறிக்கையும் குறிப்பிடுகிறது.

கட்டையின் ஈரத்தை அறிவது பெரிய வித்தை இல்லை. கட்டையிலிருந்து ஒரு வில்லை அறுத்து எடை போட வேண்டும், உலர்த்தும் அடுப்பில் ஒரு நாள் வைத்து முழுக்க உலர்த்தி மறுபடி எடை போட வேண்டும். வித்தியாசத்தை உலர்ந்த எடையால் வகுத்தால் ஈர சதவீதம் வந்துவிடும். மட்குக்கும் இதேபோல்தான். பொறுமையும் ஒரு நாள் முன்யோசனையும்தான் செலவு. தொலைவிலுள்ள வானிலை நிலையத்தின் கணக்கை நம்புவது சுலபம், ஆனால் அது வேறொரு பள்ளத்தாக்கின் கதையைச் சொல்லிக்கொண்டிருக்கலாம்.

அன்றும், அதற்கு முன்பும்

தீ வைக்கும் டார்ச் கையில் இருப்பவர்கள் தீயை எந்தப் பக்கமிருந்து, எந்த வரிசையில் வைக்கிறார்கள் என்பதைப் பொறுத்து அதன் சுபாவமே மாறும். டீசலும் பெட்ரோலும் கலந்த எண்ணெயைச் சொட்டுச் சொட்டாகப் பற்றவைத்துக்கொண்டே நடப்பார்கள். மேட்டிலிருந்து கீழாகவோ காற்றுக்கு எதிராகவோ ஊர்ந்து வரும் தீ கணுக்கால் உயரம்தான் இருக்கும். காற்றோடு சேர்ந்தோ சரிவில் ஏறியோ போகும் தீ அதைப் போலப் பல மடங்கு வளர்ந்துவிடும். பக்கத்துப் பக்கத்தில் வேகமாகக் கோடுகள் இழுத்தால் அவை ஒன்றையொன்று உறிஞ்சிக்கொண்டு எழும். லாஸ் டிஸ்பென்சாஸில் தீ சில இடங்களில் எதிர்பார்த்ததைவிடச் சூடாகப் போனது. மலை மடிப்புகளில் காற்று தாறுமாறாகத் திரும்பியது. எல்லைக்கு வெளியே பொறிகள் விழுந்தன. ஒன்றை அணைக்கப் போனால் இன்னொன்று. ஈரமான தரையில் விழும் பொறி பெரும்பாலும் தானே அவிந்துவிடும். காய்ந்த மட்கில் விழுந்தால் அப்படி ஆவதில்லை.

தீக்குப் பெயர் வந்தது பக்கத்திலிருந்த சிகரத்திலிருந்து. 1860-களில் இத்தாலியத் துறவி ஒருவர் அங்கே குகையில் வாழ்ந்ததால் 'ஹெர்மிட்ஸ் பீக்', அதாவது 'துறவியின் சிகரம்' என்று பெயர்.

இரண்டாவது தீயின் கதைதான் எனக்கு இன்னும் கலக்கமூட்டுவது. கழித்த மரக்கிளைகளைக் குவித்துக் குளிர்காலத்தில், பனிக்காலத்தின் நடுவே கொளுத்துவது வழக்கமான வேலை. ஆபத்து குறைந்தது என்று எல்லோரும் நினைக்கும் வேலையும் அதுதான். 2022 ஜனவரியில் காஃப் கேன்யன் பகுதியில் அப்படிக் கொளுத்திய குவியல் ஒன்று மேலே அணைந்ததுபோல் காட்டிவிட்டு அடியில் கனன்றுகொண்டே இருந்திருக்கிறது. மூன்று முறை பனி விழுந்தது. அணையவில்லை. ஏப்ரல் 9 அன்று தலைகாட்டியபோது அணியினர் ஒன்றரை ஏக்கரில் அதைச் சுற்றி வளைத்தார்கள். ஏப்ரல் 19 அன்று மறுபடி எழுந்தது. 22 அன்று மணிக்கு 100 கிலோமீட்டரையும் தாண்டி வீசிய காற்றில் இரண்டு தீயும் ஒன்றாயின. அந்தத் தீக்கும் தன் குவியலே காரணம் என்று வனத்துறை மே 27 அன்று ஒப்புக்கொண்டது.

மண்ணுக்குள் என்ன நடந்தது

மண் வெப்பத்தை மெதுவாகத்தான் கடத்தும். ஊசியிலைப் படுகை மேலே எரியும்போது பரப்பில் பல நூறு டிகிரி செல்சியஸ் இருந்தாலும், தீ விரைவாகக் கடந்துவிட்டால் ஐந்து சென்டிமீட்டர் ஆழத்தில் இருக்கும் வேருக்கு அது பெரும்பாலும் தெரியவே தெரியாது. மட்கிலும் மண்ணிலும் ஈரம் இருந்தால் பாதுகாப்பு இன்னும் கூடும். நீர் முழுவதும் ஆவியாகிப் போகும் வரை அந்த அடுக்கின் வெப்பம் 100 டிகிரியைத் தாண்டுவது கடினம். வேரும் விதையும் சாக 60 டிகிரி அளவே போதும். தழைச்சத்து (நைட்ரஜன்) சுமார் 200 டிகிரியில் ஆவியாகிப் போகத் தொடங்கும். ஆக, ஈரமுள்ள நாளில் வைத்த எரிப்பு மேல்சருகை மட்டும் தின்று, அடி மட்கில் பாதியை விட்டுவைத்து, வேருக்கு எட்டும் வடிவத்தில் தழைச்சத்தைக் கொஞ்ச காலத்துக்குக் கூட்டிவிட்டுப் போகிறது. புல்லும் பூச்செடிகளும் அதைப் பிடித்துக்கொண்டு துளிர்க்கின்றன. வறண்ட நாளில் அதே தீ மட்கு முழுவதையும் மணிக்கணக்கில் கனன்று தின்கிறது. சுவாலை அடங்கிவிட்டதால் நமக்குப் பார்க்கச் சாதுவாகத் தெரியும், உள்ளே வேகும் வேலை அப்போதுதான் நடக்கிறது.

வேகும் வேலைக்கு இன்னொரு விளைவும் உண்டு. எரியும் மட்கிலிருந்து மெழுகு போன்ற சேர்மங்கள் ஆவியாகி, கீழே குளிர்ந்த மண்துகள்கள் மேல் படிகின்றன. சுமார் 175 முதல் 280 டிகிரிக்குள் சூடான மண்ணில் இது வலுவாக நடக்கும். பிறகு மழை பெய்தால், மேலே ஒரு விரல் கனம் சாம்பல் நனையும், அதன் கீழ் மண் பொடிப்பொடியாகக் காய்ந்தே கிடக்கும். விரலால் கீறிச் சொட்டு நீர் விட்டால் அது முத்தாக உருண்டு நிற்கும். தாமரை இலையில் தண்ணீர் நிற்பதுபோலத்தான். செங்குத்துச் சரிவில் அந்த நிலையில் ஒரு பலத்த மழை பெய்தால் உள்ளே இறங்க வேண்டிய நீர் அவ்வளவும் மேலோடு ஓடும், சாம்பலையும் மேல்மண்ணையும் சேர்த்தே இழுத்துக்கொண்டு.

குவியல் எரிப்புகள் இதில் தனி வகை. மொத்தக் காட்டில் அவை பிடிக்கும் இடம் மிகச் சிறியது. ஆனால் ஒவ்வொரு குவியலின் அடியிலும் வெப்பம் பல மணி நேரம் நின்று விதையையும் நுண்ணுயிரையும் வேகவைத்துத் தீர்க்கிறது. பல ஆண்டுகள் கழித்தும் அந்த வட்டங்களில் நாட்டுச் செடிகள் வராமல் களைகள் வந்து நிற்பதைக் காணலாம். பெரிய கட்டைகளைக் குவிக்காமல் சிறிய குவியல்களாகப் போடச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

தண்ணீர்

தீ ஓயும் முன்பே பருவமழை வந்துவிட்டது. நியூ மெக்சிகோவுக்கு மழை ஜூலையில் இடியோடு கொட்டும். ஜூலையில் டெகோலோட்டே பள்ளத்தாக்கில் எரிந்த சரிவுகளிலிருந்து வந்த திடீர் வெள்ளத்தில் மூன்று பேர் இறந்தார்கள். கயினாஸ் ஆறு கரிக்குழம்பாக ஓடியது. நகரின் சுத்திகரிப்பு நிலையம் அத்தகைய தண்ணீருக்காகக் கட்டப்பட்டதல்ல. சேறு வடிகட்டியை அடைக்கும். அதோடு, எரிந்த காட்டிலிருந்து கரைந்து வரும் கரிமப் பொருள் குளோரினோடு சேர்ந்தால் உடலுக்கு ஆகாத உபபொருள்கள் உண்டாகும். ஆற்றிலிருந்து எடுப்பதை நிறுத்தினார்கள். ஜூலை கடைசியில் ஊரிடம் 50 நாளுக்கும் குறைவான தண்ணீர்தான் இருப்பில் இருந்தது. மேயர் அவசரநிலை அறிவித்தார். வேறொரு ஏரியிலிருந்து எடுத்துத் தற்காலிகச் சுத்திகரிப்பு அமைத்துத்தான் சமாளித்தார்கள்.

மலையடிவாரக் கிராமங்களில் இன்னொரு இழப்பு. அங்கே அசேக்கியா என்னும் ஊர்ப்பொது வாய்க்கால்கள் உண்டு. ஸ்பானியக் குடியேற்ற காலத்து ஏற்பாடு. ஊரார் கூடி ஒருவரைப் பொறுப்பாளராக்கி, முறை வைத்துத் தண்ணீர் விடுவார்கள், ஆண்டுதோறும் சேர்ந்து தூர்வாருவார்கள். தீக்குப் பின் வந்த வெள்ளம் அவற்றில் பலவற்றைக் கல்லாலும் மரத்துண்டாலும் நிரப்பியது. நாடாளுமன்றம் இழப்பீட்டுக்காக 2022-இல் மட்டும் 395 கோடி டாலர் ஒதுக்கியது. வாய்க்காலின் தலைமடை போன நிலத்துக்கு விலை போடுவது லேசான வேலை இல்லை.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். சரியாக வைக்கப்பட்ட எரிப்புக்குப் பின் ஆற்றில் இப்படி நடப்பது அரிது. மட்கு முழுவதும் போகாததால் மண் மூடியே இருக்கும். எரிந்த பட்டைகளுக்கு நடுவே எரியாத திட்டுகள் நிற்கும், ஓடிவரும் சாம்பல் அங்கே தங்கிவிடும். ஓடைக்கரையை ஒட்டிய பசுமையில் தீ பெரும்பாலும் தானே அவிந்துவிடும். எரித்த பிறகு ஓடைக்கு வரும் நீரின் நிறத்தைப் பார்த்தே அந்த எரிப்பு எப்படிப்பட்டது என்று ஓரளவு சொல்லிவிடலாம்.

மரமும் பறவையும்

3.41 லட்சம் ஏக்கரும் ஒரே மாதிரி எரியவில்லை. செய்திப் படங்களில் வருவது கரிக்கம்பங்களாக நிற்கும் சரிவுகள்தான். ஆனால் காற்று ஓய்ந்த இரவுகளிலும் சரிவிறங்கிய இடங்களிலும் இந்தத் தீ தரையோடு ஊர்ந்து, திட்டமிட்ட எரிப்பு செய்திருக்க வேண்டிய வேலையையே செய்துவிட்டுப் போயிருக்கிறது. அங்கே பெரிய பைன்கள் உயிரோடு நிற்கின்றன.

உச்சிவரை எரிந்த பரப்புகளின் பிரச்சினை விதை. சில பைன் வகைகள் தீயில் திறக்கும் கூம்புகளை வைத்திருக்கும். பாண்டரோசாவுக்கு அது கிடையாது. உயிரோடு நிற்கும் தாய்மரத்திலிருந்து காற்றில் பறந்து வரும் விதைதான் ஒரே வழி, அதுவும் நூறு இருநூறு மீட்டருக்கு மேல் அதிகம் போகாது. நடுவில் கிலோமீட்டர் கணக்கில் ஒரு மரமும் இல்லாத இடத்தில் வேரிலிருந்து துளிர்க்கும் கேம்பல் ஓக் புதர் பிடித்துக்கொள்ளும். பல பத்தாண்டுகளுக்கு அது புதர்க்காடாகவே நின்றுவிடலாம். கன்று நடலாம், நடுகிறார்கள். மோராவில் உள்ள வன ஆராய்ச்சி மையத்தில் கன்று வளர்க்கிறார்கள். ஆனால் கூம்பு பறிப்பதிலிருந்து கன்று வேர்பிடிப்பது வரை எல்லாமே மெதுவாக நடக்கும் வேலை, அதுவும் முன்பைவிட வெப்பமான, வறண்ட மலையில்.

முதிய மரங்களுக்குத் திட்டமிட்ட எரிப்பே எமனாகும் சந்தர்ப்பமும் உண்டு. நூறு ஆண்டு தீ காணாத பைனின் காலடியில் பட்டைச் செதிலும் ஊசியிலையும் மேடாகச் சேர்ந்திருக்கும். அந்த மட்குக்குள் மேல்நோக்கி மெல்லிய வேர்கள் வளர்ந்திருக்கும். வறண்ட நாளில் அந்த மேடு ஒருநாள் முழுக்கக் கனன்றால், பட்டை எவ்வளவு தடித்தாலும் அடியில் மரம் வளையமாக வெந்துவிடும். மேலே பசுமை மாறாது, ஓரிரு ஆண்டு கழித்துப் பட்டுப்போகும். அதனால்தான் கவனமான அணிகள் எரிப்புக்கு முன்பே வயதான மரங்களைச் சுற்றி வாருகோலால் மட்கை இழுத்துப் பரப்பிவிடுகின்றன. முதல் எரிப்பை ஈரமான பருவத்தில் வைத்து மேலடுக்கை மட்டும் தொட்டு, சில ஆண்டு கழித்து இரண்டாவதில் மீதியை எடுப்பது இன்னும் நல்லது. ஒரே எரிப்பில் நூறாண்டுக் கடனை அடைத்துவிட வேண்டும் என்ற அவசரம்தான் பல இடங்களில் மரத்தைக் கொல்கிறது.

வழக்கமாக எரிக்கும் இடம் எப்படி இருக்கும் என்று பார்க்க நாட்டின் தென்கிழக்குக்குப் போக வேண்டும். அங்கே நீளிலைப் பைன் காடு ஒரு காலத்தில் சுமார் 9 கோடி ஏக்கர் இருந்து, சில பத்து லட்சம் ஏக்கராகச் சுருங்கியது. மிஞ்சியதைக் காப்பாற்றியது பெரிதும் தீதான். இரண்டு மூன்று ஆண்டுக்கு ஒருமுறை எரிப்பதால் சருகு சேரவே நேரமில்லை. புளோரிடாவில் மட்டும் ஆண்டுக்கு 20 லட்சம் ஏக்கர் அளவுக்கு அனுமதி பெற்று எரிக்கிறார்கள். அடியில் இருக்கும் வயர் புல் வளரும் பருவத்தில் எரிந்தால்தான் நன்றாகப் பூத்து விதைவிடும். குளிர்காலத்தில் மட்டுமே எரித்துப் பழகிய காலத்தில் அது பூக்காததன் காரணம் பின்னர்தான் புரிந்தது. உயிருள்ள முதிய பைனில் பொந்து குடையும் செங்கொண்டை மரங்கொத்தி அந்தத் திறந்த காட்டை நம்பி வாழ்வது. அடியில் புதர் உயர்ந்தால் பொந்தை விட்டுப் போய்விடும். எரிப்பும் செயற்கைப் பொந்துகளும் சேர்ந்து கைகொடுத்ததால் 2024-இல் அதை 'அழியும் நிலை'யிலிருந்து ஒருபடி இறக்கி 'அச்சுறுத்தலுக்கு உள்ளானது' என்று மாற்றினார்கள்.

புகையைப் பற்றி நீட்ட வேண்டியதில்லை. திட்டமிட்ட எரிப்பின் புகையிலும் நுரையீரலுக்குள் இறங்கும் நுண்துகள் இருக்கிறது, ஆஸ்துமா உள்ளவர்களுக்கு அது விளையாட்டல்ல. நாள் பார்த்து, காற்று பார்த்து, முன்கூட்டிச் சொல்லி வைக்கலாம் என்பதே காட்டுத்தீப் புகையிலிருந்து அதற்குள்ள வேறுபாடு. ஈரம் இங்கேயும் கை வைக்கிறது: கனன்று எரியும் மட்குதான் மிக அதிகம் புகைவது.

எண்ணும் அதன் அர்த்தமும்

2022 மே 20 அன்று அப்போதைய வனத்துறைத் தலைவர் ராண்டி மூர் நாடு முழுவதும் தேசிய வனங்களில் திட்டமிட்ட எரிப்பை 90 நாள் நிறுத்தினார். ஆண்டுக்குச் சராசரியாக 4,500 எரிப்புகள் நடக்கின்றன, 99.84 சதவீதம் திட்டப்படி முடிகின்றன என்பதையும் அவரே சொன்னார். அந்த எண்ணை நம்புகிறேன், ஆனால் அது அளப்பது தீ எல்லைக்குள் நின்றதா என்பதை மட்டும். எல்லைக்குள் நின்ற தீ மட்கு முழுவதையும் தின்றதா, முதிய மரங்களைக் கொன்றதா, அல்லது ஈரம் அதிகமாகி ஒன்றுமே எரியாமல் கணக்குக்காக முடிந்ததா என்பது அதில் வராது. எரித்த ஏக்கர்தான் வேலையின் அளவு என்று வைத்தால், சுலபமாக எரியும் நாளைத் தேடும் ஆசை வந்துவிடும். சுலபமாக எரியும் நாள் என்றால் வறண்ட நாள்.

இதே மாநிலத்தில் 2000 மே மாதம் பண்டேலியர் தேசிய நினைவுச்சின்னம் என்ற பாதுகாக்கப்பட்ட பகுதியில் வைத்த எரிப்பு கைமீறி, லாஸ் அலமோஸ் ஊரில் 200-க்கும் மேற்பட்ட வீடுகளைக் கொண்டுபோனது. அதன் பிறகு விதிகள் இறுகின. 22 ஆண்டு கழித்து விதிகளைப் பின்பற்றியும் தீ கைமீறியது. இம்முறை, கொடுக்கும் அனுமதி 24 மணி நேரத்துக்குத்தான் செல்லும் என்ற விதி வந்தது. அன்றைய நிலையைப் பார்த்துக் கையெழுத்துப் போட வைக்கும் ஏற்பாடு, நல்லதே. ஆனால் 24 மணி நேரக் கையெழுத்து ஆயிரம் மணி நேரக் கட்டையைப் பற்றி எதுவும் சொல்லாது என்பது என் குறை. யாராவது வில்லை அறுத்து எடை போட்டிருக்க வேண்டும்.

எரிப்பையே கைவிடலாமா என்றால் அதற்கும் சான்று எதிராக இருக்கிறது. முந்தைய ஆண்டு, 2021-இல், ஓரிகனில் பூட்லெக் தீ நான்கு லட்சம் ஏக்கருக்கு மேல் எரித்தது. அதன் வழியில் சைக்கன் மார்ஷ் வட்டாரத்தில் பைன் காட்டின் சில பகுதிகளில் மரம் கழித்து, பிறகு எரிப்பும் முடித்திருந்தார்கள். சில பகுதிகளில் கழித்ததோடு சரி. சில தொடாதவை. உச்சியில் எரிந்து வந்த தீ, கழித்து எரித்த பகுதிக்குள் நுழைந்ததும் தரைக்கு இறங்கியது, மரங்கள் பெரும்பாலும் பச்சையாக நின்றன. கழித்து மட்டும் விட்ட இடம் அதைவிட மோசம், தொடாத இடம் மிக மோசம். லாஸ் டிஸ்பென்சாஸில் பாதியில் நின்ற வேலையும் இதே வரிசையில்தான் நின்றிருந்தது.

கயினாஸ் பள்ளத்தாக்கில் வெள்ளம் இன்னும் முடியவில்லை. 2024 ஜூனிலும் எரிந்த சரிவுகளிலிருந்து வந்த வெள்ளத்துக்குப் பயந்து லாஸ் வேகாஸில் மக்களை வெளியேற்ற வேண்டி வந்தது. தீ மெதுவாகக் கடந்த திட்டுகளில் நிற்கும் பைன்கள்தான் இனி அந்தச் சரிவுகளுக்கு விதை தரப்போகின்றன. அவற்றின் அடியில் ஊசியிலை மறுபடி சேரத் தொடங்கிவிட்டது. பழைய மரவளையக் கணக்குப்படி பார்த்தால் பத்துப் பதினைந்து ஆண்டுக்குள் அந்தத் திட்டுகளிலும் ஒரு தரைத்தீ போயாக வேண்டும். சுற்றிலும் காய்ந்து சாய்ந்த கட்டைகள் கிடக்கும், கீழே ஒருமுறை வீடிழந்தவர்கள் இருப்பார்கள், அந்த நடுவில்தான் யாரோ அதை வைக்க வேண்டியிருக்கும்.